விரல் பிஸ்கோத்தும் ஒரு கரண்டித் தண்ணீரும்

முட்டையும் சர்க்கரையும் எலுமிச்சம்பழத் தோலும் ஒன்றாக வெந்து, மேல்பக்கம் லேசாகச் சிவக்கத் தொடங்குகிற நேரத்தில் ஒரு வாசனை கிளம்பும். பாயசத்தின் வாசனை அல்ல, பணியாரத்தின் வாசனையும் அல்ல. வயிறு நிறைந்தவர்களைக்கூட ஒரு கணம் பேச்சை நிறுத்தவைக்கிற வாசனை. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளின் நடுவில், சூலூருக்குத் தெற்கே, ஒரு பெரிய தோட்டத்தின் கடைசி வேலிக்கு வெளியே பண்ணையாட்களின் குடிசைகள் கூடியிருந்த எங்கள் 'வளவில்', ராகிக் களியும் கம்மஞ்சோறும் தவிர வேறொன்றும் வேகாத இடத்தில், இந்த வாசனை அடிக்கடி எழுந்தது என்று சொன்னால் இன்று யாரும் நம்புவதில்லை. கேட்பவர்கள் என் முகத்தைப் பார்த்துச் சிரிக்கிறார்கள், வயதாகிவிட்டது என்று நினைத்துக்கொள்கிறார்கள். நம்பாதவர்கள் நம்பாமலே போகட்டும், நடந்தது நடந்ததுதான்.

இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பழைய காலத்தைப் பற்றி எழுதினால் அந்தக் காலம்போல வருமா என்று பெருமூச்சு விட வேண்டும் என்ற ஒரு வழக்கம் இருக்கிறது. என்னிடம் அதை எதிர்பார்க்க வேண்டாம். அந்தக் காலம் திரும்பி வந்தால் வாசலிலேயே நிறுத்தி விரட்டிவிடுவேன். அதில் எனக்கு வேண்டியது என் அம்மாவும், அவள் சுட்ட விரல் பிஸ்கோத்தும் மட்டுமே.

அம்மாவின் பெயர் சவரியம்மாள். நாங்கள் வேதக்காரர்கள், என் தாத்தா காலத்திலேயே ஞானஸ்நானம் வாங்கியிருந்தோம். அதனால் ஊரார் பார்வையில் எங்களுக்கு ஒன்றும் ஏறிவிடவில்லை. மாதா கோயிலுக்குள்ளேகூட எங்களுக்கு இடதுபக்கம் ஒரு மூலைதான். நான் சின்னக் குழந்தையாக இருந்தபோது பீளமேட்டில் ஒரு மில்லுக்கு மிஷின் பூட்ட வந்த இத்தாலிக்காரர் ஒருவர் மனைவியோடு அங்கே ஒரு பங்களாவில் தங்கியிருந்தார். அந்தத் துரைசானிக்குச் சமையலறையில் உதவிக்கு ஆள் தேவைப்பட்டது. அம்மா போய் நின்றிருக்கிறாள். துரைசானி ஏதோ கேட்க, அது புரியாமல் அம்மா பயந்துபோய்ச் சிலுவை போட்டுக்கொள்ள, அதைப் பார்த்த துரைசானி அடுத்த கேள்வி கேட்காமல் உள்ளே அழைத்துக்கொண்டாளாம். அடுப்படிக்குள், பாத்திரங்களுக்கு நடுவில், தண்ணீர்க் குடத்துக்குப் பக்கத்தில் தன்னை முதன்முதலாக நிற்கவைத்தது அந்த வெள்ளைக்காரிதான் என்று அம்மா சொல்லுவாள். சொல்லும்போது நன்றியைவிடக் கோபம்தான் அதிகம் தெரியும். கடல் தாண்டி வந்தவளுக்கு இருந்த புத்தி அடுத்த தோட்டத்துக்காரிக்கு ஏன் இல்லை என்பது அவள் கோபம்.

மிஷின் ஓடத் தொடங்கியதும் அவர்கள் ஊருக்குக் கப்பலேறிவிட்டார்கள். அம்மா வளவுக்குத் திரும்பினாள். கையில் துரைசானி கொடுத்த ஒரு தகரத் தட்டும், கைக்குள் அந்தப் பிஸ்கோத்தின் பக்குவமும் இருந்தன. துரைசானி அதற்கு நீளமாக ஒரு பெயர் சொல்லுவாளாம். அம்மா அதை 'வெரல் பிஸ்கோத்து' ஆக்கிவிட்டாள். விரல் நீளம், விரல் பருமன், மேலே சர்க்கரை மொரமொரப்பு, உள்ளே பஞ்சு. காப்பியில் தோய்த்தால் கண்மூடித் திறப்பதற்குள் காப்பி முழுவதையும் உறிஞ்சிக் கையிலேயே குழைந்துவிடும்; அதற்குள் வாயில் போட்டுக்கொள்ளத் தெரிய வேண்டும். துரைசானி எதில் தோய்த்தாளோ, நாங்கள் கருப்பட்டிக் காப்பியில் தோய்த்தோம்.

பண்ணையாள் வீட்டில் முட்டை என்றால் சந்தைக்குப் போக வேண்டிய பொருள். எங்கள் கோழிகள் இட்டதை அம்மா தவிட்டுக்குள் புதைத்துச் சேர்த்துவைப்பதைப் பார்க்கும்போதெல்லாம் என் அப்பா அந்தோணி முனகுவார். "வித்துப்போட்டா உப்புப் புளிக்கு ஆகும். இவ என்னடான்னா தொரசானி பலகாரம் சுடறா." அம்மா திரும்பிக்கூடப் பார்க்கமாட்டாள். "உப்புப் புளிக்கே பொறந்தமா நாம? என்ற புள்ளை ஒருக்கா நல்லதாத் திங்கட்டும்." சுட்டு முடித்தபின் முதலில் கை நீட்டுவது அப்பாதான்.

செய்முறையைச் சொல்லாவிட்டால் என் அம்மா என்னை மன்னிக்கமாட்டாள். முட்டையை உடைத்து வெள்ளையை ஒரு பக்கமும் மஞ்சளை ஒரு பக்கமும் பிரிக்க வேண்டும். மஞ்சளில் 'அஸ்கா' என்று நாங்கள் சொன்ன வெள்ளைச் சர்க்கரையை இடித்துப் போட்டு வெளுக்கும்வரை குழைக்க வேண்டும். வெள்ளையை அடிப்பது என் வேலை. தென்னை ஈர்க்குகளைச் சீவிக் கட்டிய ஒரு சின்னக் கட்டுதான் கருவி. பித்தளைக் குண்டாவை மடியில் அணைத்துக்கொண்டு அடிக்கத் தொடங்கினால் வலது கை மரத்து, இடது கைக்கு மாறி, அதுவும் மரத்து, கண்ணில் தண்ணீர் வந்த பிறகுதான் அந்த வழவழப்பு நுரையாகி, நுரை வெண்மையாகி, வெண்மை கெட்டிப்படும். கெட்டிப்பட்டதா என்று பார்க்க அம்மா ஒரு சோதனை வைத்திருந்தாள். குண்டாவை வாங்கி என் தலைக்கு மேலே அப்படியே கவிழ்ப்பாள். நுரை ஒட்டிக்கொண்டு நின்றால் சரி, விழுந்தால் என் தலை. சோம்பேறித்தனமாக அடித்த நாட்களில் முடியெல்லாம் முட்டையாகி வாய்க்காலுக்கு ஓடியிருக்கிறேன், வளவே சிரிக்கும்.

பிறகு இரண்டையும் கலந்து, அப்போது 'அமெரிக்கா மாவு' என்று விற்ற மைதாவைத் தூவி, எலுமிச்சைத் தோலைத் துருவிப்போட்டு, பழைய வேட்டித் துணியில் தைத்த கூம்புப் பையில் நிரப்பித் தகரத் தட்டில் விரல் விரலாகப் பிழிவாள். மண்ணெண்ணெய் டின் ஒன்றைப் படுக்கவைத்து, கீழே கொட்டாங்கச்சிக் கரி, மேலே கொட்டாங்கச்சிக் கரி போட்டால் அதுதான் எங்கள் அடுப்பு. இதற்கெல்லாம் மேலே ஒரு சட்டம் இருந்தது. சொட்டுத் தண்ணீர் ஆகாது. குண்டாவைத் துடைத்து வெயிலில் காயவைத்து, துணியால் மறுபடி துடைத்த பிறகுதான் வெள்ளையை ஊற்ற வேண்டும். ஒரு துளி ஈரம் இருந்தாலும் நுரை எழும்பாது என்று துரைசானி விரலை ஆட்டி ஆட்டிச் சொல்லியிருந்தாளாம். அம்மாவுக்கு அது வேதவாக்கு. ஈரக்கையோடு நான் குண்டாவைத் தொட்டு அடி வாங்கியிருக்கிறேன்.

இந்தச் சொட்டுத் தண்ணீர்தான் எங்கள் குடும்பத்தை அந்த வளவிலிருந்து கிளப்பியது. அது எப்படி என்றால், முதலில் காற்றைப் பற்றிச் சொல்ல வேண்டும். தோட்டத்து முதலாளியை நாங்கள் 'பண்ணாடி' என்போம், அவர் மனைவியை 'ஆத்தா' என்போம். அவர்கள் வீடு தோட்டத்தின் மேற்கே, எங்கள் வளவு கிழக்கே. இது தற்செயல் அல்ல. எங்கள் பக்கம் காற்று மேற்கிலிருந்து பல மாதம் பலமாக வீசும். எங்கள்மேல் பட்ட காற்று அவர்கள்மேல் படக்கூடாது என்றே யோசித்து ஒதுக்கிய இடம். ஆனால் ஐப்பசி பிறந்தால் காற்று திரும்பிக் கிழக்கிலிருந்து வரும். அதை எந்தப் பண்ணாடியாலும் நிறுத்த முடியாது.

அந்த ஐப்பசியில் ஆத்தாவின் மகள் நாச்சம்மா தலைப்பிள்ளை உண்டாகித் தாய்வீட்டுக்கு வந்திருந்தாள். பயங்கர மசக்கை. சோறு உள்ளே போனால் வெளியே வந்தது, பால் வெளியே வந்தது, இளநீரும் வெளியே வந்தது. கோவையிலிருந்து டாக்டரும் வந்து போனார், மந்திரித்துக் கயிறும் கட்டினார்கள். வெள்ளகோவிலில் பெரிய இடத்தில் கட்டிக்கொடுத்த பெண். வந்தபோது செடிபோல இருந்தவள் வாடிக் கன்னம் ஒட்டிப்போனாள் என்று களையெடுக்கப் போன பெண்கள் வந்து சொன்னார்கள். ஒருநாள் மழை விட்ட மத்தியானத்தில் அம்மா டின் அடுப்பைப் பற்றவைத்தாள். காற்று தன் வேலையைச் செய்தது. வீட்டு முன்கூடமான ஆசாரத்தில் படுத்திருந்த நாச்சம்மா எழுந்து உட்கார்ந்து, "அது என்னம்மா வாசம்? எனக்கு அது வேணும்" என்றாளாம்.

ஆத்தா அப்பாவைக் கூப்பிட்டு விசாரித்தாள். அதில் என்னென்ன சேருகிறது? முட்டைங்க, அஸ்காங்க, மாவுங்க. முட்டை பிரச்சினையில்லை, அவர்கள் கோழி தின்கிறவர்கள். தண்ணி? "சொட்டுத் தண்ணி சேக்கறதில்லீங்க ஆத்தா, சேத்தாக் கெட்டுப்போயிருமுங்க" என்று அப்பா பெருமையாகச் சொல்லியிருக்கிறார். ஆத்தாவின் முகம் அப்போதுதான் தெளிந்ததாம். இளைய வாசகர்களுக்கு இது விளங்காது, அதனால் சொல்லுகிறேன். எங்கள் கை அறுத்த சோளம் அவர்கள் குதிருக்குள் போகும். எங்கள் கோழி இட்ட முட்டை அவர்கள் சட்டிக்குள் போகும். நாங்கள் பறித்த கடலை, நாங்கள் கறந்த பால் எல்லாம் போகும். எங்கள் தண்ணீர் பட்டது மட்டும் போகாது. தண்ணீர் சேர்ந்தால் தீட்டு, சேராவிட்டால் சரக்கு. இந்தக் கணக்கின்படி அம்மாவின் பிஸ்கோத்து சரக்காகிவிட்டது.

புது ஓலைக் கொட்டானில் போட்டு வேலிக் கல்மேல் வைத்துவிட்டு எட்டிப் போய் நிற்க வேண்டும் என்று உத்தரவு வந்தது. கொண்டுபோனவள் நான். வைத்தேன், எட்டிப் போய் நின்றேன். ஆத்தா வந்தாள். கணக்கெல்லாம் சரியாக இருந்தும் அவள் மனது கேட்கவில்லை போலிருக்கிறது. எதற்கும் இருக்கட்டும் என்று ஒரு செம்பில் மஞ்சள் தண்ணீர் கரைத்துக் கொண்டுவந்திருந்தாள். மாவிலையில் தோய்த்து ஒரு தெளி. திருப்தியில்லாமல் இன்னொரு தெளி. பிறகு செம்போடு சாய்த்து நன்றாக ஊற்றினாள்.

காப்பியையே குடித்துவிடுகிற பிஸ்கோத்து மஞ்சள் தண்ணீரை விடுமா? என் கண்ணெதிரே விரல்கள் ஊதி, ஒன்றோடொன்று ஒட்டி, மஞ்சளாகக் குழைந்து உட்கார்ந்தன. ஆத்தா கொட்டானைத் தூக்கிப் பார்த்தாள், ஓலை இடுக்கில் வழிந்தது. "ஏண்டி, இதென்னடி கூழாட்ட இருக்குது? இதைத்தான் உன்ற ஆத்தாக்காரி பிஸ்கோத்துன்னு சுடறாளா? ஒழுங்காச் செய்யத் தெரியாட்டி எதுக்குடி இந்தப் பவுசு?" உள்ளேயிருந்து நாச்சம்மா அழுகிற சத்தம் கேட்டது. நான் ஓடிவந்து சொன்னேன். அம்மா முதலில் சிரித்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு, சுவரில் சாய்ந்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். அக்கம்பக்கத்துப் பெண்களும் சேர்ந்துகொண்டார்கள். ஆனால் 'செய்யத் தெரியாட்டி' என்ற சொல்லை நான் சொன்னதும் சிரிப்பு நின்றுவிட்டது.

மறுநாள் அப்பா தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு வந்து நின்றார். திரும்பச் சுட வேண்டுமாம். இந்த முறை மஞ்சள் தண்ணீர் தெளிக்கமாட்டார்களாம். அதற்குப் பதிலாக, தண்ணீர் சேர்க்கவில்லை என்பதை ஆத்தாவே நேரில் வந்து உட்கார்ந்து பார்ப்பாளாம். இன்னொன்று, இது யார் சுட்டது என்று வெளியே மூச்சு விடக்கூடாது. கேட்டால் கோயமுத்தூர்க் கடையில் வாங்கியது என்றுதான் சொல்லுவார்களாம். "செஞ்சு குடுத்துப்போடு சவரி," என்று அப்பா கெஞ்சினார். "நாம குடியிருக்கற மண்ணு அவங்களுது. ஏந்திரிச்சுப் போன்னா எங்க போறது?"

அம்மா போய்த் தவிட்டுப் பானைக்கு முன்னால் உட்கார்ந்துவிட்டாள். அவளுடைய சங்கடம் எனக்கு அப்போதே புரிந்தது. வாயும் வயிறுமாக இருக்கிற ஒருத்தி ஆசைப்பட்டுக் கேட்டதை இல்லை என்று சொல்ல அவளால் முடியாது. நான் வயிற்றில் இருந்தபோது அவள் ஒரு துண்டு வெல்லத்துக்கு ஏங்கியதைப் பலமுறை சொல்லியிருக்கிறாள். அதே சமயம், திருட்டுச் சாமானைப்போலத் தன் பெயரை மறைத்து அதைத் தூக்கிக் கொடுக்கவும் அவளுக்கு மனது வரவில்லை. கடைசியில் எழுந்து முட்டைகளைத் தவிட்டிலிருந்து எடுத்தாள். "வரச் சொல்லுங்க. அந்தப் புள்ளையையும் கூட்டியாரச் சொல்லுங்க. சூடாத் தின்னாத்தான் வவுத்துல நிக்கும்."

ஆத்தா வில்வண்டியில் வந்தாள். மகளைக் கூட்டிவர அவளுக்கு விருப்பமே இல்லை. நாச்சம்மா வண்டிக்குள் ஏறி உட்கார்ந்துகொண்டு இறங்க மறுத்துவிட்டாளாம். வண்டியை எங்கள் முற்றத்துக்கு எட்டத்தில் ஒரு வேலமரத்தடியில் நிறுத்தி, திரையை விலக்கி, அங்கிருந்தே ஆத்தா அதிகாரம் செய்யத் தொடங்கினாள். குண்டா காய்ந்திருக்கிறதா, கவிழ்த்துக் காட்டு. கையைத் துடைத்தாயா, காட்டு. வளவுப் பெண்கள் வேலையை விட்டுவிட்டுச் சுற்றி நின்றார்கள். அப்பா மாடுகளின் பக்கம் போய்த் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். நான் குண்டாவை மடியில் வைத்து அடிக்கத் தொடங்கினேன். அத்தனை கண்கள் பார்க்க நான் எதையும் செய்தது அதுவே முதல் முறை. கை வலித்ததே தெரியவில்லை.

நுரை வெளுக்கத் தொடங்கிய நேரத்தில் அம்மா எழுந்தாள். குடிசைக்குள் போய்க் குடிதண்ணீர்ப் பானையில் கரண்டியை விட்டு மொண்டு, வெளியே எல்லோரும் பார்க்கக் கையை உயர்த்திப் பிடித்துக்கொண்டு நடந்துவந்து, என் மடியிலிருந்த குண்டாவில் ஊற்றினாள்.

என் கை நின்றுவிட்டது. தீட்டு எனக்கு நினைவுக்கு வரவில்லை. நுரை போய்விட்டதே என்றுதான் நினைத்தேன். "நிறுத்தாத புள்ளே, அடி" என்றாள் அம்மா. துரைசானியின் சட்டத்தை அவளும் நம்பினவள்தானே. பிஸ்கோத்தும் கெட்டு, வேலையும் போய், ஊரும் சிரிக்கும் என்று தெரிந்தேதான் ஊற்றியிருந்தாள்.

"அடிப் பாவி, என்னடி பண்ணிப்போட்டே!" ஆத்தா வண்டிக்குள் எழுந்து நிற்கப் பார்த்துத் தலை கூரையில் இடித்துக்கொண்டாள்.

"தண்ணி ஊத்தினேனுங்க ஆத்தா," என்றாள் அம்மா. அவ்வளவு கோபத்திலும் அவள் மரியாதைக்குப் போடுகிற 'ங்க'வை விடவில்லை. "எங்க பானைத் தண்ணிங்க. ஆனா அது உங்க கெணத்துத் தண்ணிதானுங்க. எங்களை மொள்ள உடமாட்டீங்க, உங்க ஆளுதான் எட்டி நின்னு எங்க பானையில ஊத்துனாரு. உங்க கெணத்துல இருக்கறப்ப நல்ல தண்ணி, எங்க பானைக்கு வந்தாத் தீட்டுங்களா? இனி இந்தப் பிஸ்கோத்துல சவரி ஊட்டுத் தண்ணி இருக்குது. இது கோயமுத்தூர்க் கடைப் பிஸ்கோத்து இல்லீங்க. வேணுமின்னா நான் சுட்டதுன்னு சொல்லித் தின்னுங்க. வேண்டாமின்னா வண்டியைத் திருப்பச் சொல்லுங்க."

ஆத்தா வண்டியைத் திருப்பத்தான் சொன்னாள். வண்டிக்காரன் நுகத்தடியில் கை வைத்தான். உள்ளேயிருந்து நாச்சம்மா, "திருப்புனா நான் குதிச்சிருவேன்" என்றாள். அதில் வீரமெல்லாம் இல்லை. பல நாள் பசி, அவ்வளவுதான். வண்டி நின்றது. நான் அடித்துக்கொண்டே இருந்தேன். அத்தனை பேரும் குண்டாவையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நுரை முதலில் கொஞ்சம் தளர்ந்தது, பிறகு அசையாமல் இருந்தது, பிறகு, நான் பொய் சொல்லவில்லை, வழக்கத்தைவிட அதிகமாகப் பொங்கி மேலே ஏறியது. அம்மா குண்டாவை வாங்கினாள். அன்று என் தலைக்கு மேலே கவிழ்க்கவில்லை, தன் தலைக்கு மேலே கவிழ்த்தாள். நுரை அப்படியே நின்றது. வளவுப் பெண்களில் யாரோ ஒருத்தி குலவை போட்டுவிட்டாள்.

டின் அடுப்பிலிருந்து வாசனை எழுந்தபோது நாச்சம்மா வண்டியிலிருந்து இறங்கினாள். ஆத்தா முந்தானையைப் பிடித்தாள், அவள் உதறினாள். கால் தள்ளாட நடந்துவந்து, அம்மிக்குப் பக்கத்தில் கிடந்த கல்லில் உட்கார்ந்து, தட்டிலிருந்தே எடுத்து ஊதி ஊதித் தின்றாள். எல்லோரும் அவள் தொண்டையையே பார்த்தோம். உள்ளே போனது வெளியே வரவில்லை. மடியில் விழுந்த சர்க்கரையைக்கூட ஒற்றி எடுத்துத் தின்றுவிட்டு, நிமிர்ந்து அம்மாவைப் பார்த்து, "இன்னுங் கொஞ்சம் இருக்குங்களா?" என்று கேட்டாள். மரியாதைக்குப் பேர்போன எங்கள் ஊர்ப்பேச்சில் நாய்க்கும் பூனைக்கும்கூட 'ங்க' போடுவார்கள். எங்களுக்கு மட்டும் யாரும் போட்டதில்லை. அம்மா தட்டை அப்படியே அவள் பக்கம் நகர்த்தினாள். எனக்கு அன்று ஒன்றுகூட மிச்சம் கிடைக்கவில்லை.

இதன் பிறகு ஆத்தா மனம் மாறினாள், எல்லோரும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிட்டோம் என்று எழுதினால் படிப்பவர்களுக்கு இனிக்கும், ஆனால் அப்படி நடக்கவில்லை. மகளை வீட்டுக்குக் கொண்டுபோய்த் தலையோடு குளிப்பாட்டினார்கள். அவள் எங்கள் முற்றத்தில் உட்கார்ந்த கல்லைப் பற்றி ஊரெல்லாம் பேச்சு. மறுநாள் காலையில் அப்பா ஏர் எடுக்கப் போனபோது, இனி வர வேண்டாம், குடிசையையும் காலி செய்துவிட வேண்டும் என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். அப்பா வந்து படுத்துக்கொண்டார். நாங்கள் மூட்டையைக் கட்டிக்கொண்டு பீளமேட்டுக்கு நடந்தோம். அம்மா தலையில் தகரத் தட்டு, என் தலையில் பித்தளைக் குண்டா, அப்பா தலையில் மற்றதெல்லாம். மில் வாசலில் அப்பாவுக்குப் பொதி தூக்குகிற வேலை கிடைக்கும்வரை பட்ட பாட்டைச் சொல்லி முடியாது, பட்டினிகூடக் கிடந்தோம். அப்பா பல நாட்கள் அம்மாவிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. "ஒரு கரண்டித் தண்ணியில ஊட்டையே கரைச்சுப்போட்டா" என்று போகிறவர் வருகிறவரிடம் சொல்லுவார். ஆனால் முதல் கூலி வாங்கிய சனிக்கிழமை அவர் மடியில் கட்டிக்கொண்டு வந்தது முட்டை. அம்மா அதைப் பார்த்துவிட்டுக் கொஞ்ச நேரம் அந்தப் பக்கம் திரும்பி நின்றாள்.

அன்றிலிருந்து அம்மா ஒவ்வொரு முறையும் அந்த ஒரு கரண்டித் தண்ணீரைச் சேர்த்தாள். நுரை நன்றாகப் பொங்குகிறது என்று காரணம் சொல்லுவாள். அது உண்மைதான், துரைசானிக்கும் தெரியாத விஷயம் என்று பெருமையும் பட்டுக்கொள்ளுவாள். ஆனால் காரணம் அது மட்டுமில்லை என்று எனக்குத் தெரியும். யாருக்காவது கொடுக்கும்போது, "எங்க ஊட்டுத் தண்ணி ஊத்திச் சுட்டதுங்க" என்று சொல்லிவிட்டுத்தான் கொடுப்பாள். அதைக் கேட்டுக் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டவர்கள் உண்டு. அவர்களுக்கு அவள் இரண்டாம் முறை நீட்டியதில்லை.

அம்மா போய்ப் பல வருஷங்கள் ஆகின்றன. நான் படித்து, பள்ளிக்கூடத்தில் கணக்கு சொல்லிக்கொடுத்து, ஓய்வும் பெற்று, இதே பீளமேட்டில் சொந்த வீட்டில் இருக்கிறேன். சூலூர்ப் பக்கம் ஒருமுறை போய்ப் பார்த்தேன். வளவு இருந்த இடத்தில் தறிக் கொட்டகைகள் இரைந்துகொண்டிருந்தன. வேலி இல்லை, கொட்டானை வைத்த கல் இல்லை, கிணறும் தூர்ந்துவிட்டது. டின் அடுப்பு போய் எனக்குக் கரண்ட் அடுப்பு வந்துவிட்டது, ஈர்க்குக் கட்டுக்குப் பதில் மிஷின் சுற்றுகிறது. இதில் எதற்காகவும் எனக்கு வருத்தமில்லை. எல்லாம் போயிருக்க வேண்டியவைதான். தகரத் தட்டு மட்டும் நெளிந்து துருவேறி இன்னும் இருக்கிறது.

எல்லாம் போய்விட்டது, இப்போதெல்லாம் யார் அதைப் பார்க்கிறார்கள் என்று என்னிடம் பலர் சொல்லுகிறார்கள். நான் வாதாடுவதில்லை. வீட்டுக்கு யார் வந்தாலும் முதலில் ஒரு தம்ளர் தண்ணீர் கொண்டுவந்து முன்னால் வைக்கிறேன், பிறகு என்ன நடக்கிறது என்று பார்க்கிறேன். பெரும்பாலானவர்கள் குடிக்கிறார்கள், அதையும் சொல்ல வேண்டும். போன வாரம் தெருவுக்குப் புதிதாகக் குடிவந்த ஒரு அம்மாள், நல்ல பட்டுச்சேலை, நல்ல சிரிப்பு, "ஏனுங்க டீச்சர், உங்க ஊட்டுல இருந்து நெம்ப நல்ல வாசம் வருதுங்க, அது என்னன்னு கேட்டுப்போட்டுப் போலாமுன்னு வந்தேனுங்க" என்று வந்தார். உட்காரவைத்தேன். தண்ணீர் வைத்தேன். பிஸ்கோத்து டப்பாவையும் திறந்து பக்கத்தில் வைத்தேன். அவர் எங்கள் சுவரில் மாட்டியிருந்த மாதா படத்தைப் பார்த்தார், என் சொந்த ஊரைக் கேட்டார், ஊரில் எந்தப் பக்கம் என்று கேட்டார். நான் மறைக்காமல் சொன்னேன். பேச்சு போய்க்கொண்டே இருந்தது, அவர் விரல்கள் மட்டும் தம்ளரை மெதுவாக மேஜையின் அந்த ஓரத்துக்குத் தள்ளிவைத்தன.

"தண்ணி குடிங்க" என்றேன்.

"இல்லீங்க டீச்சர், இப்பத்தான் ஊட்டுல குடிச்சுப்போட்டு வந்தேனுங்க," என்று சிரித்துக்கொண்டே டப்பாவை நோக்கிக் கையை நீட்டினார்.

"அப்ப இதுவும் வேண்டாமுங்க. இதுலயும் எங்க ஊட்டுத் தண்ணி ஒரு கரண்டி இருக்குதுங்க" என்று சொல்லி டப்பாவை மூடினேன்.